நான் ஒளித்து வைத்த கடிதம்

அன்புத் தங்கை தேவிக்கு,

நீ போய் ஒரு வருடமும் சில மாதங்களும் ஆகின்றன. உன் திதியன்று படத்துக்கு முன்னால் நின்றபோது உன்னிடம் ஒன்று கேட்க வேண்டியிருந்தது. வீடு நிறைய ஆட்கள், கேட்க முடியவில்லை. அதனால்தான் எழுதுகிறேன். மற்றவர்கள் படித்தால் படிக்கட்டும். என்னைப் போன்ற மாமாக்களும் அப்பாக்களும் பினாங்கில் நிறையப் பேர் இருக்கிறார்கள் என்பது என் சந்தேகம்.

என் சந்தேகப் புத்தி உனக்குத் தெரியாததா? பேரங்காடியில் இருபது வருடத்துக்கு மேலாகக் கேமரா பார்க்கிறவன் நான். யார் தோள் இறுகுகிறது, யார் கை பைக்குள் போகிறது என்று பார்ப்பதுதான் பிழைப்பு. “அண்ணே, சாமி கும்பிடும்போதுகூட நீங்க உண்டியலத்தான் பாக்கிறீங்க” என்று நீ கிண்டல் செய்வாய். நான் சிரித்ததில்லை. உண்டியல் பக்கம் ஒருத்தன் நின்றுகொண்டிருந்தது உண்மை.

உன் மகள் தர்ஷினி எங்களிடம் வந்தபோது பதினான்கு வயது. அவள் அப்பா ஜொகூரிலிருந்து வந்து உனக்கு மாலை போட்டுவிட்டு மறுநாளே பஸ் ஏறிவிட்டார். நானும் உன் அண்ணி சாந்தியும் அவளைப் பெற்ற மகளாகப் பார்த்தோம் என்று எழுத ஆசைதான். சாந்தி அப்படித்தான் பார்த்தாள். நான் பார்த்தது கடைக்குள் நுழையும் ஆளைப் பார்ப்பதுபோல.

மூன்று மாதத்தில் பள்ளிக்கு மட்டம் போட ஆரம்பித்தாள். சோற்றை அளைந்துவிட்டு எழுந்துவிடுவாள். குளிக்கச் சொன்னால் சண்டை. அறைக் கதவு எப்போதும் தாழ். எனக்குத் தோன்றியதெல்லாம் கும்பல், காதல், போதை. அவள் பையைச் சோதித்தேன், தேவி. ஒன்றும் கிடைக்கவில்லை. ஒன்றும் கிடைக்காததாலேயே சந்தேகம் கூடியது. இவ்வளவு சுத்தமாக மறைக்கிறாளே என்று நினைத்து, ஹாலில் ஒரு கேமராவும் மாட்டினேன்.

மார்ச் மாதம் பள்ளியிலிருந்து கூப்பிட்டார்கள். கவுன்சலிங் ஆசிரியை மலாய்க்காரப் பெண், என்னைவிட வயதில் சிறியவர். பிள்ளை தூங்குவதே இல்லை, வாழப் பிடிக்கவில்லை என்று எழுதிக் காட்டியிருக்கிறாள், மனநலப் பிரிவுக்கு உடனே கூட்டிப் போங்கள் என்று சொல்லி, ஆஸ்பத்திரிக்கு ஒரு கடிதம் கொடுத்தார். எனக்கு அவர்மேலும் சந்தேகம். பள்ளியின் தலைவலியை ஆஸ்பத்திரிக்குத் தள்ளப் பார்க்கிறாரோ? ஒரு தடவை அங்கே ஃபைல் திறந்தால் நாளைக்கு அரசாங்க வேலைக்குப் போகும்போது, பெண் பார்க்க வரும்போது, அந்த ஃபைல் எழுந்து வராதா?

“சேட்டைதான் டீச்சர். கண்டிச்சா சரியாயிடும்” என்றேன். சேட்டை என்று சொல்ல எனக்கு வெட்கமாக இல்லை. சேட்டைக்காரப் பிள்ளை எல்லா வீட்டிலும் உண்டு. மனசு சரியில்லாத பிள்ளை நம் வீட்டில் இருக்கிறது என்று சொல்லத்தான் வாய் வரவில்லை. கடிதத்தைக் கொண்டு வந்து, உன் மரணச் சான்றிதழ் இருக்கும் கோப்புக்குள் செருகினேன். அதைத் தொடும் ஆள் நான் ஒருவன்தான்.

ஜூலையில் எங்கள் ஜெலுத்தோங் ஃப்ளாட்டில் நிறுத்தியிருந்த கார்களின் பக்கக் கண்ணாடிகள் உடைய ஆரம்பித்தன. முதலில் என் காரில்தான். எனக்கு உடனே நான்காம் மாடிப் பையன்மேல் சந்தேகம் வந்தது. தலைமுடிக்குச் செம்பட்டைச் சாயம் அடித்திருந்தான், அது போதாதா? அவன் அம்மாவிடமே போய்ச் சொன்னேன். குடியிருப்போர் கூட்டத்தில் எழுந்து நின்று, “யார் வீட்டுப் பிள்ளையா இருந்தாலும் போலீஸ்தான்” என்றேன். தலைவர் லிம் தயங்கினார். அவரை விடாப்பிடியாக இழுத்துக்கொண்டு போய்ப் புகார் கொடுக்க வைத்தவன் நான். கேமராப் பதிவுகளைப் பார்த்து ஆளைப் பிடித்துத் தருகிறேன் என்று பொறுப்பையும் வாங்கிக்கொண்டேன்.

பிடித்தேன், தேவி. ஒரு சனிக்கிழமை காலை பாதுகாவலர் அறையில் உட்கார்ந்து பிடித்தேன். பதிவில் மத்தியான நேரம், நல்ல வெயில். பள்ளிச் சீருடையைக்கூட மாற்றாமல், கையில் என் மோட்டார் சைக்கிள் பூட்டோடு, உன் மகள் ஒவ்வொரு காராக நடந்தாள்.

என் வேலையில் ஒன்று கற்றிருக்கிறேன். தப்புச் செய்யப் போகிறவர்கள் கையை நீட்டும் முன் சுற்றுமுற்றும் பார்ப்பார்கள். எட்டு வயதுப் பிள்ளைகூடப் பார்க்கும். தர்ஷினி ஒரு தடவைகூடப் பார்க்கவில்லை. மாட்டிக்கொள்வோம் என்ற பயமே அவளிடம் இல்லை. யாராவது பார்க்கட்டும் என்று நினைத்தாளோ? கடைசிக் கண்ணாடியை உடைத்துவிட்டு, கொளுத்தும் வெயிலில் அங்கேயே தரையில் உட்கார்ந்துவிட்டாள். நான் நாற்காலியில் சாய்ந்து அழுதுவிட்டேன்.

சாந்திக்குப் போன் செய்தேன். அவள் பத்து காவான் ஊரில் இருக்கும் தொழிற்சாலையில் ஓவர்டைமில் இருந்தாள். “அழிச்சிடுங்கலா. வேற யாரும் பாக்கல தானே?” என்றாள். அழிக்கத்தான் விரலை வைத்தேன். அதற்கு முன்னால் கதவுப் பக்கம் ஒரு தடவை திரும்பிப் பார்த்தேன், ஜன்னல் பக்கம் ஒரு தடவை. அந்த அறையில் சுற்றுமுற்றும் பார்த்த ஆள் நான்தான். விரலை எடுத்துவிட்டேன்.

வீட்டுக்குப் போய் அவளிடம் கேட்டேன்.

“ஏம்மா இப்படிப் பண்ணின?”

“உடையறப்போ கொஞ்ச நேரம் சத்தம் நிக்குது மாமா.”

“எந்தச் சத்தம்?”

“தலைக்குள்ள. நீ வேஸ்ட், நீ வேஸ்ட்னு சொல்லிக்கிட்டே இருக்கும்.”

நடிக்கிறாளோ என்று அப்போதும் அவள் கண்ணைத்தான் பார்த்தேன். வெட்கமாக இருக்கிறது, ஆனால் உன்னிடம் பொய் எழுத மாட்டேன்.

காவல் நிலையத்துக்கு நானே கூட்டிப் போனேன். லிம் புகாரைத் திரும்பப் பெறப் பார்த்தார், மற்ற கார்க்காரர்கள் ஒப்புக்கொள்ளவில்லை. எல்லோரையும் மூட்டிவிட்டவன் நான், இப்போது யாரைக் கெஞ்சுவது? வழக்கு சிறார் நீதிமன்றத்துக்குப் போகிறது. நான்காம் மாடி அம்மாவிடம் மன்னிப்புக் கேட்கப் போனேன். அவர் கதவைத் திறந்து, நான் சொன்னதைக் கேட்டுவிட்டுச் சாத்திக்கொண்டார்.

ஆஸ்பத்திரிக்கும் போனோம், கடைசியில். அந்த டாக்டரம்மா நம் தமிழ்ப் பெண். இங்கே கூட்டி வரச் சொல்லி இதற்கு முன் யாராவது கடிதம் எழுதிக் கொடுத்தார்களா என்று கேட்டார். “இல்லை” என்றேன். பக்கத்தில் இருந்த தர்ஷினி தலையைத் திருப்பவே இல்லை. அவளுக்குத் தெரியும். அந்தக் கடிதம் எழுதப்பட்டதே அவள் முன்னால்தான்.

பிறகு டாக்டர் அவளிடம், எப்போதிலிருந்து இப்படி என்று கேட்டார்.

“அம்மா இருக்கறப்பவே.”

“அம்மாவுக்குத் தெரியுமா?”

“தெரியும். மாமாகிட்ட மட்டும் சொல்லாதன்னாங்க. திருடியப் பாக்கற மாதிரி பாப்பாருன்னாங்க.”

இதுதான் நான் கேட்க வந்தது. உண்மையிலேயே அப்படிச் சொன்னாயா, தேவி? உன் கடைசி மாதங்களில் தினமும் கட்டிலருகே உட்கார்ந்திருந்தேனே, ஒரு வார்த்தை சொல்லியிருக்கக் கூடாதா? பிள்ளை கதை கட்டுகிறாளோ என்று இரண்டு நாள் உன் சார்பில் அவளைச் சந்தேகப்பட்டேன். மூன்றாம் நாள் ஹால் கேமராவை நிமிர்ந்து பார்த்தபோது, நீ சொல்லியிருப்பாய் என்றுதான் பட்டது. அதைக் கழற்றிவிட்டேன். ஆனாலும் உன்மேல் கோபம் இருக்கிறது.

இப்போது மாத்திரை சாப்பிடுகிறாள். வாரம் ஒரு நாள் ஆஸ்பத்திரியில் பேசப் போகிறாள். நேற்றுக் காலை இரண்டு தோசை சாப்பிட்டாள், மூன்றாவது கேட்டாள். என்ன திட்டமோ என்று நினைத்தேன். என்னை என்ன செய்வது சொல்.

வியாழக்கிழமை வெல்ஃபேர் அதிகாரி வீட்டுக்கு வருகிறார். நீதிமன்றத்துக்கு அவர் கொடுக்கும் அறிக்கையை வைத்துத்தான் தீர்ப்பு. மார்ச் கடிதம் இருந்தால், இவள் உதவி கேட்ட பிள்ளை, மறைத்தவன் மாமா என்று தெரியும். இப்படிப்பட்டவனிடம் பிள்ளையை விடலாமா என்று வேறு இடத்துக்கு அனுப்பினாலும் அனுப்புவார்கள். கடிதம் இல்லாவிட்டால், வேண்டுமென்றே கார்களை உடைத்துவிட்டு, மாட்டிய பிறகு ஆஸ்பத்திரிக்கு ஓடிய பெண் என்று மட்டும் எழுதுவார்கள். அப்போது சீர்திருத்தப் பள்ளிதான் என்று பயமாக இருக்கிறது.

இன்று மாலை கோப்பைத் திறந்து கடிதத்தை எடுத்தேன். தர்ஷினி வாசலில் நின்று பார்த்தாள்.

“அதக் குடுத்தா உங்களத்தானே திட்டுவாங்க?”

“ஆமாலா.”

“அப்புறம் எதுக்குக் குடுக்கிறீங்க?”

அவள் என் கையைப் பார்த்தாள், முகத்தைப் பார்த்தாள், மறுபடி கையைப் பார்த்தாள். கண்ணைச் சுருக்கி அப்படிப் பார்க்க அவள் யாரிடம் கற்றாள் என்று சொல்ல வேண்டியதில்லை. என்னை நம்பவில்லை, தேவி. கடைசி நேரத்தில் நான் கடிதத்தை மறுபடி ஒளித்து வைத்துவிடுவேன் என்றுதான் நினைக்கிறாள்.

அதனால் கடிதத்தை அவள் கையிலேயே கொடுத்துவிட்டேன். வியாழக்கிழமை அவளை என் பக்கத்தில் உட்கார வைத்து, அதிகாரியிடம் அவள் அதை நீட்டும்போது, “இத மறைச்சது நான்தான்” என்று என் வாயால் சொல்வேன். பிள்ளையை எங்கே அனுப்பினாலும் ஒவ்வொரு வாரமும் அங்கே போய் நிற்பேன். இது உனக்கு நான் கொடுக்கும் வாக்கு.

இந்தத் தடவை நீயும் என்னைச் சந்தேகப்படு. வியாழக்கிழமை வரைக்கும்.

தர்ஷினியின் மாமா,
உன் அண்ணன் செல்வம்