அடுப்பில் அடுக்காத விறகு

ட்ராம்சோ, 3 மார்ச் 1988

அன்புள்ள ஸ்வெர்ரே,

நலம்தானே? இங்கே நானும் என் முழங்கால் வலியும் சௌக்கியம். நேற்றும் உன்னைத் தொலைக்காட்சியில் பார்த்தேன். எல்லா ஆவணப்படத்திலும் அதே மப்ளர், அதே துருவ வேட்டைக்காரர் கதை. ஊருக்கெல்லாம் சரித்திரம் சொல்கிறாய், உன் அக்காவுக்கு நாலு வரி எழுத நேரமில்லை.

இந்தப் படத்துக்கு துருவத் தீவுகளான ஸ்வால்பார்டில் அப்பா வேட்டைக்குப் போய்த் தங்கிய குடிசைக்கே போகிறாயாமே. அப்பா நம் சமையலறையில் அழுதுகொண்டே சொன்னது நம் இருவருக்கு மட்டும்தான் தெரியும். "கப்பல் வந்துருச்சுன்னு ஓடிட்டேம்மா. அடுத்து வர்றவனுக்கு அடுப்புல விறகு அடுக்கி வைக்கிறதுதானே முறை? விரல் விறைச்சவன் தீக்குச்சியைக் கிழிச்சா போதும். நான் வைக்கல. பாவம், எனக்கப்புறம் வந்த ஓட்வார் அடுப்பை மூட்ட முடியாமலே குளிர்ல செத்துட்டான்."

அதைக் கேமரா முன்னால் சொல்லிவிடாதே. சொன்னால் நமக்குள் பேச இனி ஒன்றுமில்லை.

உன்
யோர்டிஸ்


லாங்யர்பியன், ஸ்வால்பார்ட், 26 மார்ச்

அன்பு அக்கா யோர்டிஸ்,

நான் வாயைத் திறக்கவில்லை. டைரக்டர் விடாமல் துருவினான்: "அடுப்பு ஏன் வெறுமையா கிடந்துச்சு, ஸ்வெர்ரே? உனக்குத் தெரியாததா?" ஆதாரம் எதுவும் இல்லை என்றேன். என் குரல் எனக்கே அலுத்துவிட்டது. ஓட்வாரின் மகள் மாரித்தையும் அழைத்து வந்திருந்தார்கள். நீ கேட்டதைச் செய்துவிட்டேன். வந்ததும் உன் கையால் மீன் உருண்டை வேண்டும்.

என்றும் உன்
ஸ்வெர்ரே


ட்ராம்சோ, 14 அக்டோபர்

ஸ்வெர்ரே,

இன்று தொலைக்காட்சியில் உன் படம் ஓடியது. மாரித் அந்த அடுப்பைத் தடவிக்கொண்டே சொன்னாளே: "எங்கப்பன் சோம்பேறி, விறகு சீவக்கூட வக்கில்லாமச் செத்தான்னு ஊரே சிரிச்சுது. அதைக் கேட்டுக் கேட்டே அம்மா போய்ச் சேர்ந்தா."

நீ பக்கத்தில் நின்று தலையாட்டினாய். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. உன் வாயைக் கட்டியவளே நான்தான் என்பது பிறகுதான் உறைத்தது. வெட்கமாக இருக்கிறது. எவ்வளவு காலம்தான் இதைச் சுமப்பது? களைத்துவிட்டேன்.

அப்பாவின் பெயர் கெட்டால் கெடட்டும். 21ஆம் தேதிக் கப்பலில் ஹார்ஸ்டாட் போகிறேன், மாரித் வீட்டுக்கு. எப்படித் தொடங்குவது என்று தெரியவில்லை. அவள் கதவைச் சாத்தினாலும் வாசலில் நின்று சொல்லிவிட்டுத்தான் வருவேன்.

நீ ஒஸ்லோவில் அடுத்த படத்துக்குக் குரல் கொடுத்துக்கொண்டிருப்பாய். முடிந்தால் அன்று ஹார்ஸ்டாட் துறைமுகத்துக்கு வா. என் பக்கத்தில் நின்றால் போதும். கேமராக்காரர்கள் யாரையும் கூட்டி வராதே.

யோர்டிஸ்