பொத்தான் ஆலையில் கேட்ட பாட்டு

ஃபூசோ,
ஏப்ரல் 1980

அன்புள்ள ஷுஜென்னுக்கு,

நான் சுகம். உன் இருமல் நின்றதா? அப்பாவின் முழங்கால் வலி எப்படி இருக்கிறது?

இங்கே கலாச்சாரப் புரட்சியில் வழிபாடு தடைசெய்யப்பட்டு, பதிமூன்று வருடம் பொத்தான் ஆலையாக இருந்த தேவாலயத்தைத் திரும்பத் திறந்துவிட்டார்கள். தடுப்புச் சுவர்களை இடித்தது எங்கள் கொத்தனார் குழுதான். ஒரு செங்கல் என் காலில் விழுந்தது. வீக்கம் வடிந்துவிட்டது, கவலைப்படாதே.

தேநீர் கொண்டுவரும் லின் அம்மா ஓய்வுபெற்ற நர்ஸ். தினமும் எங்களை விரட்டுவார். "என் கல்யாணம் இங்கதான் நடந்துச்சு. ஜப்பான்காரன் குண்டு போட்டப்ப அடிபட்டவங்களை இங்கதான் படுக்க வச்சோம். பொத்தானுக்கு ஞானஸ்நானம் குடுத்தது போதும், சீக்கிரம் இடிங்கப்பா."

ஞாயிற்றுக்கிழமை முதல் ஆராதனை. தெருவரை கூட்டம். போதகர் பேச எழுந்தார், அழுகையில் குரல் வரவில்லை. லின் அம்மா பாட ஆரம்பித்ததும் எல்லோரும் சேர்ந்துகொண்டார்கள். ஓரமாக நின்ற எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. மாவு பிசையும்போது நீ வாய் திறக்காமல் முனகுகிற அதே மெட்டு. கேட்டால் "சும்மா ஏதோ" என்பாய். அது தேவாலயப் பாட்டு என்று என்னிடம்கூடச் சொல்லப் பயந்தாயா? எனக்குக் கோபமில்லை, ஷுஜென். நின்ற இடத்திலேயே சிரித்துக்கொண்டிருந்தேன்.

ஒரு ஜோடி துணிச் செருப்பும் கொஞ்சம் கடுகுக்கீரை ஊறுகாயும் வேண்டும். தபாலில் வேண்டாம், நீயே கொண்டு வா. லின் அம்மா தன் வீட்டில் இடம் தருகிறாராம்.

"உன் பொண்டாட்டிக்குப் பாட வருமா?" என்று கேட்டார்.

"நல்லா வரும். சத்தமா பாடினதுதான் இல்ல" என்றேன்.

மேஸ்திரி கூப்பிடுகிறார்.

உன்
குவோலியாங்