ஐந்து புள்ளிக்குக் கீழே

இவளே,

மேல வீதியில் குழாய் போடத் தோண்டியிருக்கிறார்கள். தோண்டிய மண்ணைச் சாலையோரமாக வரிசையாகக் கொட்டி வைத்திருக்கிறார்கள். விடியற்காலை மழையில் நனைந்து, வெயில் ஏறியதும் அந்த மண் வாசனை தெரு முழுக்க நின்றது. இன்று நான் பதினோரு மணி ஷிப்டுக்குப் போய்க்கொண்டிருந்தேன். மணி பத்தரை. ஒவ்வொரு குவியலும் தன் நிழலை ஒரே பக்கமாகச் சாய்த்து வைத்திருந்தது. நின்று எண்ணினேன். முப்பத்தொன்று. எண்ணி முடித்த கையோடு மனசு தானாகவே மூன்றைக் கழித்தது, அந்த மூன்றும் சிறியவை என்பதால். இருபத்தெட்டு என்று வாய்விட்டுச் சொன்ன பிறகுதான் என்ன செய்தேன் என்று உறைத்தது. பக்கத்தில் பழவண்டி வைத்திருந்தவர், எதையாவது தொலைத்துவிட்டீர்களா என்று கேட்டார். இல்லை என்று சொல்லிவிட்டு நடந்தேன். அவரிடம் வேறு என்ன சொல்ல?

நீ போய் ஒரு வருஷம் ஆகப்போகிறது. உயிரோடு இருந்தபோது உன்னை நான் பேர் சொல்லிக் கூப்பிட்டதே கிடையாது. இவளே என்பேன், இல்லாவிட்டால் ஏய் என்பேன். இப்போது மட்டும் பேரை எழுதினால் நீயே சிரிப்பாய்.

பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால், ஜெராக்ஸ் கடைக்கு மேலே, இரண்டாவது மாடியில் நம்முடைய ஆபீஸ். டேட்டா என்ட்ரி என்றுதான் வீட்டில் சொல்லியிருந்தோம். விவரமாகச் சொன்னால் யாருக்கும் புரியாது. வானத்திலிருந்து எடுத்த படங்கள் வரும். அவற்றில் இருப்பதையெல்லாம் பெட்டி போட்டுக் குறிக்க வேண்டும்: கூரை, மரம், லாரி, படகு. ஒரே படத்தை இரண்டு பேர் குறிப்பார்கள். இரண்டும் ஒத்துப்போகாவிட்டால் என்னிடம் வரும். நான் செக்கர். எது நிற்க வேண்டும், எது போக வேண்டும் என்பது என் முடிவு. அந்தப் பதவியில் எனக்கு இருந்த மிதப்பு உனக்குத் தெரியும். "இருக்கறதப் போடு, இல்லாததப் போடாத" என்று நான் சொல்வதை, என் குரலிலேயே சொல்லிக்காட்டி மொத்த வரிசையையும் சிரிக்க வைப்பாய்.

நீ கடலூர் பக்கத்துக் கடலோரக் கிராமத்திலிருந்து தினம் இரண்டு பஸ் மாறி வருவாய். படகு என்று வந்தால் உன்னிடம் யாரும் வாய் கொடுக்க முடியாது. எனக்கு எல்லாமே வாழைக்காய்த் துண்டாகத் தெரியும்போது, இது ஃபைபர், இது விசைப்படகு, இது உடைந்து கரையில் கிடக்கிறது என்று பிரித்துச் சொல்வாய். உன் டிபன் பாக்ஸ் திறந்தால் நான் நாற்காலியைத் தள்ளிப் போட்டுக்கொள்வேன். வந்துட்டாய்யா சைவ மூக்கு என்பாய். பிறகு என் கத்தரிக்காய் கொத்சை முழுதாகக் காலி செய்வாய்.

அந்தப் படங்கள் வந்தது ஒரு மாசி மாதத்தில். ஊர்ப் பெயர் இல்லை, நாட்டின் பெயர் இல்லை. படத்துக்கு ஓர் எண், அவ்வளவுதான். குறிக்க வேண்டியது 'மண்மேடு' என்று மட்டும் போட்டிருந்தது. நான் எருக் குவியல் என்று நினைத்தேன். நம் டீம் லீடர் செங்கல் சூளையாக இருக்கும் என்றார். நீ முதல் படத்தைப் பத்து நிமிஷம் பார்த்தாய். எழுந்துபோய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்து, என் நாற்காலிக்குப் பின்னால் நின்றாய்.

"இது குழிடி. ஆளப் பொதைச்ச குழி."

எப்படித் தெரியும் என்று கேட்டேன். எல்லாம் ஒரே பக்கமாகத் தலை வைத்திருக்கிறது பார் என்றாய். பார்த்தேன். அதற்குப் பிறகு என்னால் அதை வேறு எதுவாகவும் பார்க்க முடியவில்லை.

அந்த ஊரில் எப்போது பார்த்தாலும் காலை பத்தரை மணி. படம் எடுக்கிற செயற்கைக்கோள் எப்போதும் அதே நேரத்துக்குத்தான் அந்த வழியாகப் போகும் என்று பிறகு தெரிந்தது. தெரிந்தும் பயம் போகவில்லை. இரவே வராத ஊர். சத்தம் இல்லை, புகை இல்லை. வீடுகள் ஒவ்வொன்றாகக் குறைந்துகொண்டே வந்தன, மேடுகள் வரிசை வரிசையாகக் கூடிக்கொண்டே வந்தன, இரண்டையும் செய்கிறவர்கள் ஒருவர்கூடக் கண்ணில் படவில்லை. ஒரே ஒரு படத்தில் மட்டும் வரிசையின் கடைசியில் கடுகு சிந்தினதுபோல ஏழெட்டுப் புள்ளிகள் இருந்தன. ஒவ்வொன்றிலிருந்தும் நீளமாக ஒரு நிழல். ஆட்கள். நாம் அவர்களின் தலையைத்தான் பார்த்தோம், நின்ற விதம் நிழலில் தெரிந்தது. ஒரு நிழல் இன்னொன்றின் மேல் சாய்ந்திருந்தது.

இன்னொரு படத்தில் வெறும் குழிகள். ஆள் வருவதற்கு முன்பே வெட்டி வைத்த குழிகள், இரண்டு வரிசை. அடுத்த படம் பன்னிரண்டு நாள் கழித்து வந்தது. நீ என் தோளைப் பிடித்துக்கொண்டுதான் அதைத் திறக்கச் சொன்னாய். இரண்டு வரிசையும் நிரம்பி, மூன்றாவது தொடங்கியிருந்தது.

நமக்குள் சண்டை வந்தது சின்ன மேடுகளால். திரையில் ஐந்து புள்ளிக்கு, அதாவது ஐந்து பிக்சலுக்கு, குறைவான நீளமுள்ள எதையும் குறிக்கக் கூடாது என்று விதித்தாளில் இருந்தது. அவ்வளவு சிறியது கல்லாக இருக்கலாம், புதராக இருக்கலாம், நம்ப முடியாது என்று காரணமும் போட்டிருந்தார்கள். பெரிய ஆளின் மேடு ஆறு ஏழு புள்ளி வரும். மூன்று நான்கு புள்ளியில் இருந்ததையெல்லாம் நீ பெட்டி போட்டாய். உன்னோடு சேர்ந்து குறித்தவன் போடவில்லை. படம் என்னிடம் வந்தது. நான் அழித்தேன்.

மறுநாளும் போட்டாய். மறுநாளும் அழித்தேன். உன் மதிப்பெண் இறங்கியது. டீம் லீடர் உன்னைக் கூப்பிட்டு, இப்படியே போனால் வேலை நிலைக்காது என்று எச்சரித்தார். நான் உன்னைச் சாப்பாட்டு வேளையில் மொட்டை மாடிக்கு இழுத்துக்கொண்டு போனேன். கோபுர உச்சியில் புறாக்கள் சுற்றிக்கொண்டிருந்தன. விதி என்றால் விதிதானே, சந்தேகமானதைச் சேர்த்தால் மொத்தக் கணக்கையும் பொய் என்று தள்ளிவிடுவார்களே என்று நான் நியாயம் பேசினேன். நீ டிபனைத் திறக்கவே இல்லை.

உனக்குப் பதினொரு வயதில் சுனாமி வந்ததும், அதில் இரண்டு வயதுத் தம்பியைப் பறிகொடுத்ததும் எனக்குத் தெரியும். அவனைப் புதைத்ததைப் பற்றி அன்றைக்குத்தான் சொன்னாய்.

"சின்னப் புள்ளைக்கு மண்ணு கொஞ்சந்தாண்டி வேணும். ரெண்டு கூடை போட்டாங்க. மொத மழைக்கே தரையோட தரையாயிடுச்சி. அப்பறம் யார் வந்து கேட்டாலும் இங்கதான்னு காட்டறதுக்கு மேடு இல்ல."

இன்னொன்றும் சொன்னாய். பெரிய மேட்டில் கிடப்பவன் துப்பாக்கி பிடித்தவனா, கடைக்குப் போனவனா என்று அவர்கள் சண்டை போட்டுக்கொள்ளட்டும். மூணு புள்ளி மேட்டை யார் என்று சொல்லுவார்கள்? அதைத்தானே நீ அழிக்கிறாய்?

 மேலிடத்துக்கு ஒரு கேள்வி எழுதிப் போடு என்றாய். செக்கர் எழுதினால் படிப்பார்கள் என்றும் சொன்னாய். எழுதுகிறேன் என்றேன். எழுதவில்லை. என் ரிப்போர்ட் அந்த மாதம் ஒரு கறையில்லாமல் இருந்தது, அதைக் கெடுத்துக்கொள்ள எனக்கு மனசு வரவில்லை. இதை உன்னிடம் நேரில் சொல்லியிருக்க வேண்டும். திட்டியிருப்பாய், அதோடு போயிருக்கும்.

கேள்வி எழுதினேனா என்று நீ ஒருமுறைதான் கேட்டாய். என் முகத்திலேயே தெரிந்திருக்கும்.

"சரி, நீ அழி. நான் போட்டுக்கிட்டேதான் இருப்பன். போட்டதாச்சும் எங்கனா இருக்கும்ல?"

சித்திரையில் உன்னை அந்த வேலையிலிருந்து எடுத்து, தென்னந்தோப்புப் படங்களுக்கு மாற்றினார்கள். ஐப்பசியில் உனக்குக் காய்ச்சல். நாலு நாள் வரவில்லை. ஐந்தாம் நாள் உன் போனிலிருந்து அழைப்பு வந்தது. எடுத்தவுடன், என்னாடி, லீவு ஜாஸ்தியாயிடுச்சே என்றேன். பேசியது உன் அப்பா.

காரியம் முடிந்த மறுநாள் உன் ஊருக்குப் போனேன். உன்னைப் புதைத்த இடத்தைப் பார்க்கணும் என்று சொன்னதும், பொம்பளைப் பிள்ளை அங்கெல்லாம் வரக் கூடாது என்று சொல்லாமல் உன் அப்பா கூட்டிக்கொண்டு போனார். சவுக்கு மரங்கள் தாண்டி மணல். உன் மேட்டின் மேல் காய்ந்த மாலை கிடந்தது. அழுகை வருவதற்கு முன்னால் என் கண் அளந்துவிட்டது. ஆறு புள்ளி. இவள் கணக்கில் வருவாள் என்று மனசுக்குள் ஒரு குரல் சொன்னது. அது என் செக்கர் குரல். அந்த இடத்திலேயே என்னை எனக்குப் பிடிக்காமல் போயிற்று.

உன் அப்பா தனியாக நின்ற ஒரு சவுக்கு மரத்தடிக்குப் போனார். குதிகாலும் விரலும் ஒட்ட ஒட்ட அடி வைத்து உன் மேட்டை நோக்கி நடந்தார். பன்னிரண்டாவது அடியில் நின்றார். அங்கே ஒன்றும் இல்லை, வெறும் மணல்.

"இங்கதாம்மா பையன். சின்னதுலேர்ந்து எம் பொண்ணு என்னைய அளந்து காட்டச் சொல்லும். மறந்துறக் கூடாதுன்னு. அதான் அத இவம் பக்கத்துலயே வெச்சிட்டம்."

தை மாதத்தில் அதே ஊரைப் புதிதாக எடுத்த படங்கள் வந்தன. விதித்தாள் மாறியிருந்தது. கணக்கில் குழந்தைகளே இல்லையே என்று யாரோ எங்கோ கேட்டிருக்கிறார்கள். சிறிய மேடுகளையும் இனிக் குறிக்க வேண்டும். ஆனால் அந்த ஊரிலும் மழைக்காலம் முடிந்திருந்தது. பெரிய மேடுகள் அமுங்கிப்போய் இருந்தன. அவற்றுக்கு நடுவில் மட்டமான தரை. குறிப்பதற்கு ஒன்றுமே இல்லை. நான் கையை மவுஸின் மேல் வைத்தபடி அப்படியே உட்கார்ந்திருந்தேன்.

போட்டதாச்சும் எங்கனா இருக்கும் என்று நீ சொன்னது அப்போதுதான் நினைவுக்கு வந்தது. பழைய கோப்புகளில் 'நீக்கப்பட்டவை' என்று ஒரு பட்டியல் இருக்கும், யாரும் திறப்பதில்லை. திறந்தேன். உன் பெட்டிகள் அத்தனையும் இருந்தன. போட்டது உன் எண், அழித்தது என் எண். அவற்றை எடுத்துப் புதிய படத்தின் மேல் வைத்தேன். மட்டமான தரையின் மேல், பெரிய மேடுகளுக்கு இடையிடையே, மூன்று புள்ளிப் பெட்டிகள் வரிசை தப்பாமல் எழுந்து நின்றன. உள்ளே ஒன்றும் இல்லை. வெறும் மண்ணைச் சுற்றி உன் கோடு. 

நாற்பத்தாறு படம். பதினேழு நாள் உட்கார்ந்து, பழைய படத்தோடு ஒப்பிட்டு, ஒவ்வொன்றாக மீட்டேன். மீட்பதற்குக் காரணம் கேட்கும். நான்கு காரணங்களில் ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டும். எல்லாவற்றுக்கும் 'செக்கரின் பிழை' என்பதையே போட்டேன். கூடவே நீ எழுதச் சொன்ன கடிதத்தையும் எழுதினேன். பெற்றுக்கொண்டோம், கணக்கு திருத்தப்படும் என்று ஒரு வரி பதில் வந்தது. செய்தியில் எங்காவது செத்தவர்களின் எண் சொல்லும்போதெல்லாம் அதில் இந்தப் பிள்ளைகள் இருக்கிறார்களா என்று பார்க்கிறேன். எண்ணைப் பார்த்து அதை எப்படிக் கண்டுபிடிப்பது?

ஆனால் உன் பெட்டிகளில் ஒன்று மட்டும் எனக்குப் புரியாமல் இருந்தது. ஒவ்வொரு படத்திலும் வரிசைகளுக்கு வெளியே, தனி மரம் ஒன்றின் பக்கத்தில், ஒரு சின்னப் பெட்டி. பழைய படத்திலும் அங்கே மேடு இல்லை, வெறும் தரை. கை தவறிப் போட்டிருப்பாய் என்று முதல் சில படங்களில் விட்டுவிட்டேன். எட்டாவது படத்தில் அதைப் பார்த்தபோது, உன் அப்பா மணலில் நடந்த நடை கண்ணில் வந்தது. மரத்திலிருந்து பெட்டி வரை புள்ளிகளை எண்ணினேன். பன்னிரண்டு. முந்தைய படங்களுக்குத் திரும்பிப் போய் எண்ணினேன். எல்லாவற்றிலும் பன்னிரண்டு.

முன்பின் தெரியாத அந்த ஊரில், அந்தக் குழந்தைகளோடு, நாற்பத்தாறு முறை உன் தம்பியை நீ சேர்த்துவிட்டிருக்கிறாய். நாற்பத்தாறு முறையும் நான் அவனை அழித்திருக்கிறேன்.

மீட்டுவிடலாம் என்று ஒரு மதியம் முழுக்க அவன் பெட்டியின் மேல் மவுஸ் அம்பை வைத்துக்கொண்டு இருந்தேன். யாருக்குத் தெரியப்போகிறது? ஆனால் யாராவது ஒருவர் அந்த ஒரு பெட்டி பொய் என்று கண்டுபிடித்தால், மற்ற எல்லாப் பிள்ளைகளையும் பொய் என்று சொல்லிவிடுவார்கள். அதற்காகவே காத்திருப்பவர்கள் இருக்கிறார்கள். அவனை மட்டும் மீட்கவில்லை. என்னை மன்னித்துவிடு என்று கேட்கமாட்டேன், இந்த ஒன்றில் நான் செய்தது சரி. மற்றதற்கெல்லாம் கேட்கிறேன்.

இன்று சாயங்காலம் திரும்பும்போது மறுபடி மேல வீதி வழியாகத்தான் வந்தேன். பழவண்டிக்காரர் கிளம்பிக்கொண்டிருந்தார். குவியல்கள் அப்படியே இருந்தன. சின்னது மூன்றையும் சேர்த்து முதலிலிருந்து எண்ணினேன், முப்பத்தொன்று வந்தது. கடைசிக் குவியலுக்கு எதிரே ஒரு வேப்ப மரம் இருக்கிறது. அதன் அடியிலிருந்து குதிகாலும் விரலும் ஒட்ட ஒட்ட அடி வைத்து நடந்தேன். பன்னிரண்டாவது அடியில் வெறும் தார்ச்சாலை. முப்பத்திரண்டு என்று சொல்லிவிட்டு வீட்டுக்கு வந்தேன்.