சத்தமில்லாத சிள்வண்டு

அன்பு மனைவிக்கு,

உன் முழங்கால் வலி தணிந்ததா? நான் நலமே.

குழாய் பதிக்கும் வழியில், பாலை மணல்மேட்டைக் குடைந்து வாழும் அரிய சிள்வண்டின் வளைகளைக் கண்டேன். விதிப்படி நானே வேலையை நிறுத்தினேன். அவற்றின் முட்டைகள் பொரியும்வரை வேலையில்லை; வேலை முடியாமல் எனக்கு விடுப்புமில்லை.

"பூச்சி பிரசவத்துக்குக் காவல் இருந்துட்டு, பொண்ணு பிரசவத்துக்குப் போகலேன்னா வீட்டுல சோறு கிடைக்குமா சார்?" என்று கேட்டார் ஓட்டுநர். சிரித்துவைத்தேன்.

இந்தச் சிள்வண்டுக்குச் சிறகில்லை, ஆகவே சத்தமுமில்லை. என் அறையும் அப்படித்தான். இங்கே பேசும் அளவுக்குக் கைபேசிச் சமிக்ஞை நிற்பதில்லை; பேரப்பிள்ளையின் முதல் அழுகையைக் கைபேசியில் பதிவுசெய்து அனுப்பு. இடையில் உன் குரல் விழுந்தாலும் அழித்துவிடாதே.

அஞ்சல் வண்டி புறப்படுகிறது, இத்துடன் முடிக்கிறேன்.

உன் கணவன்