பின்வளவுக் காஞ்சோண்டி

கை மணிக்கட்டு இன்னும் கடிக்கிறது. காலையில் பின்வளவில் காஞ்சோண்டி இலை கிள்ளப் போனபோது அதன் சுணை பட்டது. கையுறை குசினி மேசை லாச்சிக்குள்தான் கிடந்தது, எடுக்கவில்லை. இன்று உங்கள் ஆட்டைத் திவசம். நீங்கள் போய் ஒரு வருடம். ஐயர் வந்து, சொந்தக்காரர் சாப்பிட்டு, எல்லோரும் போய்விட்டார்கள். மகளும் சட்டனில் இருக்கிற தன் வீட்டுக்கு வெளிக்கிட்டுவிட்டாள். இனி நானும் உங்கள் படமும்தான். எழுத்துப் பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். கடிதம் எழுதுகிற வேலையெல்லாம் நீங்கள்தானே பார்த்தீர்கள்.

பெற்றோல் செட் வேலையை விட்டபின் டொக்டர் உங்களை நடக்கச் சொன்னார். நீங்கள் நடந்துபோய் பார்க்கில் மரம் நடுகிற ஆட்களோடு சேர்ந்துவிட்டீர்கள். இந்த நாட்டுக்கே உரிய செடிகளை மட்டும்தான் அவர்கள் நடுவார்களாம். "இருவது வருசம் பெற்றோல் அடிச்ச மனிசன், இப்ப பத்தை வளர்க்கப் போறார்" என்று நான் தங்கச்சிக்குப் போனில் சொல்லிச் சிரித்தேன். உங்களுக்குக் கேட்கவேண்டும் என்றுதான் சத்தமாகச் சொன்னேன்.

அதன்பிறகு வீட்டில் ஒரே செடிக் கதைதான். மே மாதம் வெள்ளையாகப் பூக்கிற முள்மரத்தின் சிவப்புப் பழம் குருவிகளுக்குப் பனிக்காலத்துச் சாப்பாடு. வேலியில் ஏறுகிற ஐவிக் கொடி, மற்றப் பூவெல்லாம் முடிந்தபிறகு பூத்துத் தேனீக்குக் கடைசித் தேன் கொடுக்கும். எல்டர் மரத்துப் பூவைச் சீனித்தண்ணீரில் ஊறப்போட்டு எனக்கு சர்பத் செய்து தந்தீர்கள். அது நன்றாகத்தான் இருந்தது. உங்களிடம் சொல்லவில்லை.

காஞ்சோண்டிக்குத்தான் நமக்குள் சண்டை. கிங்ஸ்பரியில் இந்த வீட்டுக்கு வந்த நாளிலிருந்து நான் வெட்டி எறிந்துகொண்டிருந்த செடி அது. நீங்கள் வெட்டவேண்டாம் என்றீர்கள். பிறகு ஒருநாள் ஒரு பேசின் நிறையக் கிள்ளிக்கொண்டு வந்து நின்றீர்கள்.

"இஞ்சேரும், இதில ஒரு வறை வையும்."

"உங்களுக்கு விசரே? ஊரில ஆடும் வாய் வைக்காது."

"அது ஊர்க் காஞ்சோண்டி. இது இந்த ஊர்க் காஞ்சோண்டி. சுடுதண்ணியில போட்டாக் கடி போயிடும். முந்தி இஞ்சத்தைச் சனம் உதைத்தான் சூப்பு வைச்சுக் குடிச்சது."

தேங்காய்ப்பூவும் வெங்காயமும் போட்டு வறுத்தேன். முருங்கையிலையும் பசளியும் கலந்ததுபோல ஒரு ருசி. கழுவும்போது என் கையில் கடித்தது. நீங்கள் வெளியே போய், காஞ்சோண்டிக்குப் பக்கத்திலேயே நிற்கிற அகல இலை ஒன்றைப் பிடுங்கிவந்து, கசக்கி, மணிக்கட்டில் தேய்த்துவிட்டீர்கள். கடி குறைந்ததா என்று இரண்டு தரம் கேட்டீர்கள். நெருப்பும் தண்ணீரும் ஒரே இடத்தில் முளைக்கிறது பாரும் என்றீர்கள்.

செம்மஞ்சள் வண்ணத்துப்பூச்சி, செட்டை ஓரத்தில் நீலப்பொட்டு வைத்தது, அதில் முட்டை இடும் என்றும் சொன்னீர்கள். "உந்த இலையை விட்டா அதுகளுக்கு வேற போக்கிடம் இல்லையப்பா." நான் செட்டை உள்ளதைத்தான் மனதில் நினைத்தேன். முட்டையிலிருந்து என்ன வரும் என்று நீங்களும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

போன வருடம் மே மாதம் நீங்கள் ஆசுப்பத்திரியில். போனில் ஒவ்வொரு நாளும் அதே கேள்வி.

"பின்னுக்குப் போய்ப் பாத்தனீரே?"

"ஓம் ஓம், எல்லாம் நல்லாயிருக்கு. நீங்கள் முதல் எழும்பி வாங்கோ."

நான் போகவே இல்லை. உங்களை வீட்டுக்கு விடப்போகிறார்கள் என்று சொன்ன அன்றுதான் போனேன். நோயாளி வீட்டுக்கு வந்தால் பார்க்க ஆட்கள் வருவார்கள். ஹோர்லிக்ஸும் முந்திரிகைக் குலையும் கொண்டு குரோய்டனில் இருந்தும் வருவார்கள். வளவைப் பார்த்தால் என்ன நினைப்பார்கள்? போனால், காஞ்சோண்டி முழுக்கக் கறுப்பு மயிர்க்கொட்டிப் புழு. முள்முள்ளாக, குவியல் குவியலாக. எனக்கு உடம்பெல்லாம் கூசியது. ஊரில் முருங்கையில் மயிர்க்கொட்டி ஏறினால் அப்பு என்ன செய்வாரோ அதையே செய்தேன். தும்புத்தடியில் பழந்துணி சுற்றி, எண்ணெயில் தோய்த்து, பந்தம் பிடித்தேன். ஒன்றும் மிஞ்சவில்லை. பிறகு செடியை அடியோடு வெட்டி, கூட்டி, தண்ணீர் தெளித்தேன். உங்களுக்காகத்தான் செய்தேன்.

நீங்கள் வந்ததும் கதிரையைப் பின்கதவடியில் போடச் சொன்னீர்கள். கனநேரம் பார்த்தீர்கள்.

"எங்கயப்பா என்ர ஆக்கள்?"

அந்த முட்டையிலிருந்து வந்தது எது என்று எனக்கு அப்போதுதான் விளங்கியது. மயிர்க்கொட்டி என்று நினைத்தேன் என்றேன்.

"பந்தமே பிடிச்சனீர்?"

தலையாட்டினேன். நீங்கள் சிரித்தீர்கள். சிரிப்பு இருமலாக மாறி, நான் நெஞ்சைத் தடவிவிடவேண்டி வந்தது. மூச்சு வந்ததும் கேட்டீர்கள்.

"வேரைக் கிண்டேல்லைத்தானே?"

"இல்லை. இடுப்பு ஏலாமல் விட்டிட்டன்."

"அப்ப சரி."

வீட்டுக்கு வந்த ஒன்பதாம் நாள் நீங்கள் இல்லை. ஏசியிருந்தால் எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும்.

வேர் இருந்தது. இந்த மாசியில் முளைத்தது. இப்போது இடுப்புயரம். போன கிழமை மகள் போன் எடுத்தாள்.

"அம்மா, திவசத்துக்கு ஆக்கள் வருவினம். ஆள் அனுப்பிப் பின்னுக்கு வெட்டுவிக்கிறன்."

"ஒருத்தரும் உதில கை வைக்கப்படாது."

"சின்னப் பிள்ளையளுக்குக் கடிக்கும் அம்மா."

"கயிறு கட்டி விடுறன்."

கயிறு கட்டினேன். வந்தவர்கள் பின்கதவால் எட்டிப் பார்த்தார்கள். "பாவம், தனிய என்ன செய்யிறது" என்று குரோய்டன் மச்சாள் மெல்லச் சொன்னதும் கேட்டது. சொல்லட்டும். காலையில் ஒவ்வொரு இலையாகத் திருப்பிப் பார்த்து, ஒன்றும் இல்லாத நுனியாகக் கிள்ளி, வறை வைத்து உங்களுக்குப் படைத்தேன். அதே மச்சாள் இரண்டாம் தரமும் கேட்டு வாங்கி, இது என்ன கீரை என்றாள். இந்த ஊர்க் கீரை என்றேன்.

வெயில் படுகிற பக்கத்தை நான் தொடவில்லை. அங்கேதான் முட்டை இடும் என்பீர்கள். இன்றுவரை ஒன்றும் வரவில்லை. நாளைக்கும் பார்ப்பேன்.

அந்த அகல இலையும் பக்கத்தில்தான் முளைத்து நிற்கிறது. ஒன்று பிடுங்கிவந்து மேசையில் வைத்திருக்கிறேன். வாடத் தொடங்கிவிட்டது. நானே கசக்கி, நானே பூசிக்கொள்ள மனம் வரவில்லை.