ஆட்டைத் தூக்கியவன் அதோ நிற்கிறான்

கடலூர் முதுநகர்,
புதன்கிழமை.

அன்புள்ள மச்சான் ஆன்டோவுக்கு,

உன் அக்கா ஜூலியின் புருஷன் சந்தியாகு எழுதுவது. உனக்கு முன்னால் இதைப் பிரித்துப் படிக்கப்போகும் சிறை அதிகாரி ஐயாவுக்கும் என் வணக்கம். ஐயா, என் கையெழுத்து கோழி கிளறியதுபோல இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள். இதில் ரகசியம் எதுவும் இல்லை. ரகசியம் தங்குகிற வயிறு எனக்குக் கிடையாது என்பது எங்கள் தெருவுக்கே தெரியும்.

மச்சான், இங்கே எல்லாரும் சுகம். உன் லோடு வேன் வாசலிலேயே நிற்கிறது. அடியில் ஒரு பூனை குட்டி போட்டுவிட்டது, அதனால் நகர்த்தவில்லை. ஜாமீன் கிடைத்தும் உன்னை வெளியே எடுக்க முடியாததுதான் மனசை அரிக்கிறது. சொந்த வீடு உள்ள இரண்டு பேர் கையெழுத்துப் போட வேண்டுமாம். நம் சொந்தத்தில் வீடு உள்ளவர்கள் எல்லாரும் உன் பெயரை எடுத்ததுமே வேளாங்கண்ணிக்குக் கிளம்பிவிடுகிறார்கள். இவ்வளவு பக்தியான குடும்பத்தில் பெண் எடுத்திருக்கிறேன் என்று இத்தனை நாள் தெரியாமல் போயிற்று.

பக்கத்து வீட்டுச் சவரிமேரி அக்கா மட்டும் தினமும் வந்து விசாரிக்கிறார். விசாரித்து முடித்து, போகும்போது, "போலீசு சும்மாவா புடிப்பாங்க?" என்று ஒரு வார்த்தையை வாசலில் போட்டுவிட்டுப் போகிறார். ஜூலி அதைப் பெருக்கித் தள்ளுகிறாள்.

விஷயத்துக்கு வருகிறேன். போன வாரம் உன்னைப் பார்க்க வந்த ஜூலியிடம், "ஒத்துக்கிட்டா உள்ள இருந்த நாளையே தண்டனையா கழிச்சிடுவாங்களாம்க்கா, அன்னிக்கே வூட்டுக்கு வந்துடலாம்" என்றாயாம். திங்கட்கிழமை சிதம்பரம் கோர்ட்டில் குற்றச்சாட்டைப் படித்ததும் தலையாட்டிவிடப் போகிறாயாம். அன்றிலிருந்து அவள் சரியாகச் சாப்பிடவில்லை. நான் சாப்பிட்டேன். ஆனால் ருசியே இல்லை.

என் குணம் உனக்குத் தெரியும். ஒரு பொருளுக்கு மூடி இருந்தால் திறந்து பார்த்தாக வேண்டும். இறால் பண்ணையில் இரண்டு மோட்டார் காணாமல் போனதற்கு உன்மேல் வழக்குப் போட்டிருக்கிறார்களே, அதைக் கோர்ட்டில் எப்படித்தான் விசாரிப்பார்கள் என்று பார்க்க நேற்று பஸ் ஏறிவிட்டேன். சிதம்பரத்தில், இலவச சட்ட உதவியில் உனக்குக் கொடுத்திருக்கும் வக்கீல் இளவரசியைப் பிடித்தேன். சின்னப் பெண், பெரிய பை. ஆன்டோ எடுக்கவில்லை என்று எப்படிம்மா நிரூபிப்பீர்கள் என்று கேட்டேன். "நான் ஏண்ணே நிரூபிக்கணும்? எடுத்தாருன்னு அவுங்கதான் நிரூபிக்கணும். உங்க மச்சான் வாயே தொறக்க வேணாம்" என்றார். எனக்கு ஆச்சரியமாகப் போயிற்று. இப்படி ஒரு சட்டம் நாட்டில் இருப்பது கல்யாணத்துக்கு முன்பே தெரிந்திருந்தால் நான் எவ்வளவோ பிழைத்திருப்பேன். இருபது வருஷமாக உன் அக்காவிடம் செய்தது, செய்யாதது எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டுதானே சோறு தின்கிறேன்!

உள்ளே ஒரு ஆடு திருட்டு வழக்கு நடந்தது. மங்கலம்பேட்டைக்காரர் காத்தவராயன் என்பவர்மேல் வழக்கு. கூண்டுப் பக்கம்தான் ஃபேன் காற்று வந்தது, நானும் அங்கே போய் அவர் பக்கத்தில் நின்றுகொண்டேன். சாட்சி உத்திராபதி என்கிற பெரியவர். ஆட்டைத் தூக்கியவன் இங்கே இருந்தால் காட்டுங்கள் என்று அரசு வக்கீல் கேட்டார். பெரியவர் கண்ணைச் சுருக்கிப் பார்த்தார். கையை நீட்டினார். என்னைக் காட்டினார்.

"அதோ நிக்கிறான் ஐயா! அந்த மொகத்தை நான் சாவுற வரைக்கும் மறக்க மாட்டேன்" என்றார்.

மச்சான், அரை கிலோ ஆட்டுக்கறியைப் பையில் தூக்கி வந்தாலே எனக்கு மூச்சு வாங்கும். ஆனால் கோர்ட்டே திரும்பிப் பார்த்தபோது எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஆடு காணாமல் போன அன்றைக்கு நான் எங்கே இருந்தேன் என்று யோசிக்க ஆரம்பித்துவிட்டேன். சத்தியமாக நினைவு வரவில்லை. எனக்காகப் பேசிய ஒரே ஆள் காத்தவராயன்தான். "இவரு இல்லீங்கய்யா, பாவம், காத்துக்கு நிக்கிறாரு" என்றார்.

நீதிபதி என்னைத் தள்ளிப் போய் உட்காரச் சொன்னார். அதன் பிறகு காத்தவராயனின் வக்கீல் எழுந்து ஒவ்வொன்றாகக் கேட்டார். எவ்வளவு தூரம், என்ன வெளிச்சம், ஆள் இன்னார் என்று எப்படித் தெரியும்? பெரியவர் பொய்க்காரர் இல்லை. "ஸ்டேசன்ல கூப்புட்டு, இவன்தான்னு காட்டினாங்க. அன்னிக்கு அந்தாளு தாடி வெச்சிருந்தாரு" என்று ஒளிக்காமல் சொல்லிவிட்டார். கேட்டதால்தானே சொன்னார்! நேற்று கூண்டுப் பக்கம் தாடியோடு நின்றது நான் ஒருவன்தான்.

வெளியே வந்ததும் இளவரசி சொன்னார், உன் வழக்கிலும் இருட்டில் ஒரு தாடிக்காரனைப் பார்த்ததாகச் சொல்வது பண்ணைக் காவலாளி ஒருவர் மட்டும்தானாம். அவரிடம் கேட்பதற்குக் கேள்விகளைத் தயார் செய்து வைத்திருக்கிறார். நீ தலையாட்டிவிட்டால் அந்தக் கேள்விகள் அவர் பைக்குள்ளேயே கிடக்கும். நீ வீட்டுக்கு வருவாய், வாஸ்தவம். அதற்குப் பிறகு இந்த ஜில்லாவில் எங்கே மோட்டார் காணாமல் போனாலும் முதல் ஜீப் நம் வாசலில்தான் நிற்கும். பூனைக்குக்கூட நிம்மதி இருக்காது.

இன்னொரு சேதி. நடந்ததை நான் தெருவில் சொல்லிச் சிரித்தேன். இன்று காலையிலிருந்து சவரிமேரி அக்கா என் தலையைக் கண்டால் தன் ஆட்டை வீட்டுக்குள்ளே இழுத்துக் கட்டுகிறார்.

நீ எடுத்தாயா என்று ஜூலி உன்னைக் கேட்கவில்லை. நானும் இந்தக் கடிதத்தில் கேட்கவில்லை, கவனித்தாயா? எதையும் திறந்து பார்க்கிறவன் இந்த ஒரு மூடியில் மட்டும் கை வைக்கவில்லை. கேட்க வேண்டியவர்கள் கேட்க வேண்டிய இடத்தில் முறையாகக் கேட்கட்டும். அது வரைக்கும் வீட்டுக்கு வர அவசரப்பட்டு எதையும் ஒப்புக்கொள்ளாதே. அந்தப் பழக்கம் குடும்பத்தில் எனக்கு ஒருவனுக்கு இருந்தால் போதும்.

திங்கட்கிழமை நானும் ஜூலியும் வருவோம். கூண்டுக்குப் பக்கத்திலேயே நிற்பேன். யார் கையை எந்தப் பக்கம் நீட்டினாலும் நீட்டட்டும். மாதா உன் நாக்குக்குத் துணை இருக்கட்டும்.

உன் மாமா,
சந்தியாகு.