இன்னும் மடிப்பு விழவில்லை

மார்ச் 4, செவ்வாய்

கடையில் இன்று கூட்டமில்லை. மூக்குத் தாங்கி உடைந்த ஒரு கண்ணாடி, கால் தளர்ந்த இரண்டு, அவ்வளவுதான். மற்ற நேரமெல்லாம் கவுண்டருக்குப் பின்னால் உட்கார்ந்து வயிற்றைத் தடவிக்கொண்டிருந்தேன். உள்ளே இருப்பது நன்றாக உதைக்கிறது. மூத்தவள் சுண்டுவும் இப்படித்தான் உதைத்தாள். அதனால் உதையை வைத்து எதுவும் சொல்வதற்கில்லை.

"அஞ்சாம் மாசம், முகத்துல களை வந்துடுச்சேம்மா" என்றார் முதலாளி. சிரித்துவைத்தேன்.

மார்ச் 9, ஞாயிறு

சுண்டுவைக் குளிப்பாட்ட இப்போது இரண்டு பேர் வேண்டும். எனக்குக் குனிய முடியவில்லை. ஞாயிற்றுக்கிழமை எங்காவது லிஃப்ட் பாதியில் நின்று, பழுதுபார்க்க இவரைக் கூப்பிடாமல் இருந்தால் இவர் இருப்பார். மற்ற நாட்களில் கீழ் வீட்டு அண்ணி, இவருடைய அக்கா. வாய்க்குப் பூட்டே கிடையாது. அவர் இல்லாவிட்டால் இந்த வீடும் ஓடாது.

என் மகளுக்கு ஐந்து வயது. கழுத்து நிற்கவில்லை. சோற்றை மசித்துத்தான் ஊட்ட வேண்டும். ஆனால் இவர் சாவிக்கொத்தை ஆட்டினால் கண் அந்தப் பக்கம் போகும். இன்று போயிற்று.

ஐந்து மாதக் குழந்தையாக இருந்தபோது, தூங்கி எழுந்ததும் இரண்டு கையையும் விரித்துத் தலையைக் குனிந்து குனிந்து எழுவாள். "வணக்கம் வைக்கிறா பாரு" என்று எல்லோரும் சிரித்தோம். வீடியோ எடுத்துச் சொந்தக்காரர்களுக்கெல்லாம் அனுப்பினோம். அது வலிப்பு என்று யாருக்குத் தெரியும்? எம்.ஆர்.ஐ. படத்தில் அவள் மூளை, ஓடு உரித்த அவித்த முட்டை மாதிரி வழவழவென்று இருந்தது. மடிப்புகளே இல்லை. லிசன்செஃபாலி. அந்தப் பெயரைத் தடுக்காமல் சொல்ல எனக்கு ஒரு வாரம் ஆயிற்று.

ரத்தப் பரிசோதனையில் காரணம் அகப்படவில்லை. "அடுத்த குழந்தைக்கும் வருமா?" என்று கேட்டால், "வராமலும் போகலாம்" என்கிறார்கள். வயிற்றுக்குள் படம் பார்த்துத்தான் தெரிந்துகொள்ள வேண்டுமாம்.

மார்ச் 11, செவ்வாய்

தூக்கம் வரவில்லை என்று எழுதுவதற்கே அலுப்பாக இருக்கிறது.

மார்ச் 25, செவ்வாய்

ஸ்கேன்.

டாக்டரம்மாவின் கண்ணாடி மூக்கிலிருந்து சறுக்கிக்கொண்டே இருந்தது. காதுப்பக்கம் கொஞ்சம் வளைத்தால் சரியாகிவிடும். வயிற்றில் களிம்போடு படுத்திருக்கும்போதும் கை பரபரத்தது. என்ன பிழைப்போ!

ரொம்ப நேரம் ஒரே இடத்தில் வைத்துத் தேய்த்தார். பிறகு திரையை என் பக்கம் திருப்பினார்.

"இந்த மாசத்துல எல்லாக் குழந்தைக்கும் மூளை கிட்டத்தட்ட வழவழன்னுதாம்மா இருக்கும். மடிப்பெல்லாம் இனிமேதான் விழும்."

"அப்போ எதை வச்சுக் கண்டுபிடிப்பீங்க?"

"ஒண்ணு ரெண்டு பள்ளம் முன்னாடியே தெரியும். பக்கவாட்டுல இருக்கே, இது. இந்நேரம் இங்க ஒரு மூலை திரும்பியிருக்கணும். உங்களுக்குச் சரிவாவே போகுது. தேதி முன்னப்பின்ன இருந்தாலும் இப்படித் தெரியலாம். மூணு வாரம் கழிச்சு வாங்க."

இவர் தொண்டையைச் செருமினார். "அதுவரைக்கும் விட்டுட்டா... அப்புறம் வேணாம்னா முடியுமா?"

"தள்ளிப்போனா படம் தெளிவாகும். வேணாம்னு சொல்றது கஷ்டமாகும்." இரண்டையும் ஒரே குரலில் சொன்னார்.

என் தேதி சரிதான். எனக்குத் தெரியாதா? இருந்தாலும் வீட்டுக்கு வந்ததும் காலண்டரைத்தான் எடுத்தேன். ஒரு வாரமாவது தப்பாக எண்ணியிருக்கக் கூடாதா என்று.

மார்ச் 27, வியாழன்

இவர் சொல்லிட்டார். இத்தனை நாள் வாய்க்குள்ளயே வச்சிருந்ததைச் சொல்லியே விட்டார்.

"இன்னொரு தடவ என்னால முடியாதும்மா."

"சுண்டு பொறந்தது உங்களுக்கு ஒரு தடவையா? அவ என்ன ஆஸ்பத்திரி வாசமா, ஒரு தடவ போயிட்டு வந்துடறதுக்கு?"

சுண்டுவின் பாதத்தை மடியில் வைத்துக் கால் நகம் வெட்டிக்கொண்டிருந்தார். ஒவ்வொரு விரலாக, ஊதி ஊதி. இவ்வளவு பொறுமையா வெட்டற மனுஷன் வாயிலிருந்தா அந்தச் சொல் வந்தது?

அவர் சொன்னதில் பொய்யில்லை. என் ஆத்திரமே அதுதான். இரவெல்லாம் சுண்டுவுக்குச் சளி உறிஞ்சி எடுத்துவிட்டுக் காலையில் கடையைத் திறக்கும்போது நானும் எத்தனை நாள் அதையே நினைத்திருக்கிறேன்.

ஏப்ரல் 2, புதன்

கடையில் ஒருவருக்குக் கண் பரிசோதனை. "இது தெளிவா, முன்னாடி போட்டது தெளிவா?" என்று மாற்றி மாற்றிப் போடுகிறேன். "ரெண்டும் ஒண்ணு மாதிரிதாம்மா இருக்கு" என்றார். "ஒழுங்கா பாத்துச் சொல்லுங்களேன்!" என்று கத்திவிட்டேன். கடையே திரும்பிப் பார்த்தது. முதலாளி ஒரு வார்த்தை திட்டவில்லை, வீட்டுக்குப் போகச் சொன்னார்.

"ஏன் மூஞ்சியத் தூக்கி வச்சுக்கிட்டு வர்ற?" என்றார் அண்ணி. எல்லாவற்றையும் கொட்டினேன். சுண்டுவின் வாயைத் துடைத்துக்கொண்டே கேட்டார்.

"எது பொறந்தாலும் நான் பாத்துக்கறேன்னு பெரிய மனுஷி மாதிரி சொல்ல மாட்டேன். என் முட்டி ரெண்டும் போயாச்சு. ஆனா நீயா ஒண்ண மனசுல வச்சுக்கிட்டு அவன்கூடச் சண்டை போடாத. அவனும் நேத்து இங்க வந்து உக்காந்து அழுதுட்டுத்தான் போனான்."

இவரா? அழுதாரா?

ஏப்ரல் 15, செவ்வாய்

இன்னும் சரிவுதான்.

"சந்தேகம் கூடியிருக்கு. ஆனா உறுதியாச் சொல்ல மாட்டேன்" என்றார் டாக்டரம்மா. இன்னும் நான்கு வாரம் போனால் எம்.ஆர்.ஐ.யில் ஐயமில்லாமல் தெரிந்துவிடுமாம். ஆனால் அதற்குப் பிறகு அங்கே கலைக்க மாட்டார்களாம். வேண்டாமென்றால் இந்த வாரத்துக்குள் சொல்ல வேண்டும்.

வண்டி நிறுத்துமிடத்தில் ஹெல்மெட்டைக் கையில் வைத்துக்கொண்டு நின்றோம். நான் வாயே திறக்கவில்லை. அண்ணி சொன்னது ஞாபகம் இருந்தது.

இவர்தான் பேசினார். "சந்தேகத்த வச்சு வேணாம்னு சொல்ல எனக்கு வாய் வரல. உனக்கு?"

"எனக்கும்தான்."

"அப்போ நாலு வாரம் ஆகட்டும்."

"ஆனா அதுக்கப்புறம்—"

"தெரியும்மா. அதுக்கப்புறம் வேற வழி இல்ல. தெரிஞ்சுதான் சொல்றேன்."

வழியெல்லாம் அவர் முதுகில் சாய்ந்துகொண்டு வந்தேன். தைரியம் என்றெல்லாம் எழுத மாட்டேன்.

ஏப்ரல் 29, செவ்வாய்

மடிப்பு விழு. விழு. சீக்கிரம் விழுந்து தொலையேன்.

மே 13, செவ்வாய்

எம்.ஆர்.ஐ. இடப்பக்கம் ஒருக்களித்துப் படுக்கச் சொல்லிக் குழாய்க்குள் தள்ளினார்கள். காதை அடைத்திருந்தும், சுத்தியலால் தகரத்தை அடிப்பது போலச் சத்தம். அந்தச் சத்தத்துக்கு உள்ளே இருப்பது திமிறிக்கொண்டு திரும்பியது. படம் கலங்கிப்போய் மறுபடி மறுபடி எடுத்தார்கள். "உங்க பிள்ளை போஸ் குடுக்க மாட்டேங்குதும்மா" என்று ஒலிபெருக்கியில் ஒரு குரல். அந்த இடத்திலும் எனக்குச் சிரிப்பு வந்தது.

அப்புறம் டாக்டரம்மாவின் அறை. திரையில் படம். சுண்டுவின் படத்தை ஐந்து வருஷமாகப் பார்க்கிறவள் நான். எட்டு எழுதினாற்போல இடுப்பு ஒடுங்கிய உருவம், சுற்றிலும் ஒரு கோடுகூட இல்லை. அவர் வாயைத் திறக்குமுன்பே எனக்குத் தெரிந்துவிட்டது.

"இருக்குங்களா?" என்றார் இவர்.

"இருக்குங்க."

இவர் என் கையைப் பிடித்தார். பிறகு கேட்டார், "இதுக்கு வலிப்பு எப்போ ஆரம்பிக்கும்? இந்தத் தடவ வர்றதுக்கு முன்னாடியே நாங்க என்ன பண்ணணும்?"

மே 14, புதன்

அழுதேன். சாப்பிட்டேன். மறுபடி அழுதேன். அண்ணி திட்டினார்.

ஜூன் 8, ஞாயிறு

நரம்பு டாக்டரை நேற்றே பார்த்தாயிற்று. எந்த அசைவைக் கவனிக்க வேண்டும், என்ன மருந்து, பால் குடிக்கத் திணறினால் யாரைக் கூப்பிட வேண்டும் என்று இவர் ஒவ்வொன்றாகக் கேட்டார். லிஃப்ட் கழற்றி மாட்டுகிற மாதிரி.

இரவில் மட்டும் இன்னும் புரள்கிறார். நான் விழித்திருப்பது அவருக்கும் தெரியும்.

ஜூலை 18, வெள்ளி

பையன். புதன்கிழமை பிறந்தான். முடி கருகருவென்று. அண்ணி பார்த்ததுமே "பொடியன்" என்று பெயர் வைத்துவிட்டார்.

நேற்று உச்சிக்குழி வழியாக ஸ்கேன் பார்த்தார்கள். இன்று பால் கொடுத்து, துணியில் இறுகச் சுற்றி, தூங்கவைத்து எம்.ஆர்.ஐ. இந்தத் தடவை நான் வெளியே நின்றேன். வயிற்றில் எடுத்தது தப்பாக இருக்கலாம் என்று ஒரு நப்பாசை. யாரிடமும் சொல்லவில்லை.

தப்பில்லை. அதே படம்தான், இன்னும் தெளிவாக.

இவர் பொடியனை வாங்கி, சுற்றிய துணியைத் தளர்த்தி, காதை முகர்ந்தார். "நல்லாத் தூங்கறான்" என்றார்.

செப்டம்பர் 6, சனி

அண்ணிதான் முதலில் பார்த்தார். தூங்கி எழுந்தவன் கையை விரித்து ஒரு குனி. நின்று, இன்னொன்று.

"ஏய், இங்க வா! வணக்கம் வைக்கிறான்." யாரும் சிரிக்கவில்லை.

வீடியோ எடுத்தேன். இந்தத் தடவை டாக்டருக்கு மட்டும் அனுப்பினேன். சாயங்காலமே ஆஸ்பத்திரியில் சேர்த்து மருந்து ஆரம்பித்தாயிற்று. சுண்டுவுக்கு அந்த மருந்து கிடைப்பதற்குள் எத்தனை வாரம் வீணாய்ப் போயிற்று... வேண்டாம். நினைக்கப்போவதில்லை.

செப்டம்பர் 24, புதன்

குனிதல் நின்றிருக்கிறது. நான்கு நாளாக. வாயைத் திறந்து சொல்லவே பயம்.

நவம்பர் 19, புதன்

பிசியோதெரபிக்கு இரண்டு பேரையும் அழைத்துக்கொண்டு போனோம். இவர் சுண்டுவின் சக்கர நாற்காலியைச் சாய்தளத்தில் தள்ளிக்கொண்டு முன்னால் போய்விட்டார். நான் பொடியனோடு வெளி பெஞ்சில்.

பக்கத்தில் ஒரு பெண். வயிறு மேடிட்டிருந்தது, மடியில் ஸ்கேன் உறை. ரொம்ப நேரம் பார்த்துக்கொண்டிருந்துவிட்டுக் கேட்டாள்.

"ரெண்டும் உங்க பிள்ளைங்களா அக்கா?"

"ஆமாம்மா."

"இவனுக்கு... முன்னாடியே தெரியுமா?"

"தெரியும். வயித்துல இருக்கும்போதே படத்துல பாத்துட்டோம்."

அவள் உறையின் ஓரத்தைச் சுருட்டினாள், பிரித்தாள். "பெத்துக்கிட்டது சரின்னு தோணுதாக்கா?"

"சில நாள் தோணும். சில நாள் தோணாது. என்னப் பாத்து நீங்க முடிவு பண்ணாதீங்க. உங்க வீடு வேற, எங்க வீடு வேற."

தலையை ஆட்டினாள். கொஞ்சம் பொறுத்து, "நான் தூக்கலாமா?" என்றாள்.

"கழுத்து நிக்காது. தலைக்குக் கீழ கைய வச்சுக்கங்க."

சரியாகத்தான் வைத்துக்கொண்டாள். பொடியன் அவள் வளையலைப் பார்த்தான், அல்லது அந்தப் பக்கம் வெளிச்சம் இருந்தது.

உள்ளேயிருந்து எங்கள் டோக்கன் எண்ணைக் கூப்பிட்டார்கள். அவள் உடனே திருப்பித் தரவில்லை. நானும் கேட்கவில்லை.